முகம் காட்டப்படாத காதலன்: பி.எஸ். வினோத்ராஜின் திரைப்பயணம்

திருத்தணி மலையடிவாரத்தில் வாடகைக்கு எடுத்த ஓர் அறையில், ஞாயிற்றுக்கிழமை மாலையொன்றில், கல்லூரி மாணவர்கள் இருபது பேருடன் 'கொட்டுக்காளி' திரைப்படத்தைப் பார்த்தோம். படம் முடிந்த பின்னும் சில நிமிடங்கள் எவரும் வாய் திறக்கவில்லை. பிறகு, பள்ளிப்பட்டுப் பக்கத்திலிருந்து வந்திருந்த மாணவி ஒருவர் கேட்டார்: "இத்தனை பேரும் சேர்ந்து அந்தப் பெண்ணை இழுத்துக்கொண்டு போவதற்குக் காரணமே அவள் காதலிக்கிற பையன்தானே? அவன் முகத்தை ஒருமுறைகூடக் காட்டவில்லையே, ஏன் சார்?"

அன்று நான் சொன்ன விடை எனக்கே நிறைவளிக்கவில்லை. அந்தக் கேள்வியை ஒழுங்காக எதிர்கொள்ள வேண்டுமெனில், வினோத்ராஜ் எங்கிருந்து வந்தார், எதைப் பார்த்து வளர்ந்தார், அவருடைய கேமரா எங்கே நிற்கிறது என்பதிலிருந்து தொடங்க வேண்டும்.

மதுரை மாவட்டம் மேலூர் வட்டாரத்தில், அன்றாடக் கூலியை நம்பிய குடும்பத்தில் பிறந்தவர் வினோத்ராஜ். தந்தையின் மறைவுக்குப் பின் சிறு வயதிலேயே பள்ளிப் படிப்பு நின்றது. மதுரைப் பூச்சந்தையில் மூட்டை தூக்கினார். பதின்ம வயதில் திருப்பூர் பனியன் தொழிற்கூடங்களுக்குச் சென்றார். தன்னையொத்த வயதுடைய சிறுமிகள் அங்கே உழைத்துக் களைப்பதையும், விவரம் தெரியும் முன்பே மணம் முடித்து அனுப்பப்படுவதையும் அருகிருந்து கண்டார். இந்த அனுபவத்தைப் பல நேர்காணல்களில் அவர் நினைவுகூர்ந்திருக்கிறார். அதன் பிறகு சென்னை. அங்கே ஒரு டிவிடி கடையில் வேலை. திரைப்படக் கல்லூரியின் வாசலை மிதிக்காத ஒருவருக்கு உலக சினிமா அந்தக் கடையின் அலமாரிகளிலிருந்து கிடைத்தது. குறும்படங்கள், உதவி இயக்குநர் பணி, ச. முருகபூபதியின் 'மணல்மகுடி' நாடகக் குழுவில் பயிற்சி என அடுத்த சில ஆண்டுகள் சென்றன.

இந்த வரலாற்றை 'உழைத்தால் உயரலாம்' என்ற வகைக் கதையாகச் சொல்வது வழக்கமாகிவிட்டது. எனக்கு அதில் உடன்பாடில்லை. பூச்சந்தையில் மூட்டை தூக்கிய ஆயிரக்கணக்கான சிறுவர்களில் ஒருவருக்கு டிவிடி கடை கிடைத்தது என்பதுதான் நடந்தது. மற்றவர்கள் குறைவாக உழைத்தார்கள் என்று யாரும் சொல்ல முடியாது.

முதல் திரைப்படமான 'கூழாங்கல்' அவருடைய தங்கையின் வாழ்விலிருந்து பிறந்தது. கணவன் வீட்டில் ஏற்பட்ட தகராறில் வெளியேற்றப்பட்ட அவர், கைக்குழந்தையுடன் பதின்மூன்று கிலோமீட்டர் நடந்தே தாய்வீடு வந்து சேர்ந்தார். அதே தூரத்தை அந்தக் கணவன் நடந்தால் எப்படியிருக்கும் என்ற கேள்விதான் படத்தின் விதை. குடிகாரனான கணபதி, பள்ளியில் அமர்ந்திருக்கும் மகன் வேலுவை வெளியே இழுத்துக்கொண்டு, கோபித்துச் சென்ற மனைவியை அழைத்துவரப் பேருந்து ஏறுகிறான். அவள் அதற்குள் அங்கிருந்து புறப்பட்டுவிட்டாள். மாமியார் வீட்டில் சண்டை. திரும்பிப் போக வைத்திருந்த பணத்தாள்களைச் சிறுவன் கிழித்தெறிகிறான். கொளுத்தும் வெயிலில் தந்தையும் மகனும் நடக்கத் தொடங்குகிறார்கள். எழுபத்தைந்து நிமிடப் படத்தின் பெரும்பகுதி இந்த நடைதான்.

அரிட்டாபட்டியை ஒட்டிய வறண்ட நிலம் அந்தப் படத்தில் வெறும் பின்னணியாக நிற்கவில்லை. தாகம் எடுக்காமலிருக்கச் சிறுவன் ஒரு கூழாங்கல்லை வாயில் அடக்கிக்கொள்கிறான். வீட்டை அடைந்ததும் அதை ஒரு மாடத்தில் வைக்கிறான். அங்கே ஏற்கெனவே ஒரு குவியல் இருக்கிறது. இந்த நடை அவனுக்குப் புதிதல்ல என்பதை எவரும் வசனமாகச் சொல்வதில்லை. இறுதிக் காட்சியில், ஒரு குழியில் கசிந்து ஊறும் நீரைப் பெண்கள் வரிசையில் காத்திருந்து, சிறிது சிறிதாக மொண்டு குடத்தில் ஊற்றுகிறார்கள். கேமரா அவசரப்படுவதில்லை. குடம் நிறைய எவ்வளவு நேரமாகுமோ அதில் ஒரு பகுதியை நம்மையும் காத்திருக்க வைக்கிறது.

வழியில் ஒரு குடும்பம் வளைகளுக்குப் புகை மூட்டி எலி பிடித்துச் சுட்டுத் தின்னும் காட்சி உண்டு. திருத்தணி, பள்ளிப்பட்டு வட்டாரங்களில் வளர்ந்தவர்கள் இதைச் சற்று நின்று பார்க்க வேண்டும். திருவள்ளூர் மாவட்டத்தில் இருளர் மக்கள் பெருமளவில் வாழ்கிறார்கள். அரிசி ஆலைகளிலும் செங்கல் சூளைகளிலும் கொத்தடிமைகளாக இருந்து மீட்கப்பட்ட குடும்பங்கள் பல. வயலில் எலி பிடிப்பது அவர்களுடைய அறிவும் உணவும் ஆகும். ஊரோ அதை இழிவின் அடையாளமாக்கி வைத்திருக்கிறது. தமிழ்த் திரையில் எலிக்கறி பெரும்பாலும் இரண்டு விதமாகவே வந்திருக்கிறது: ஒன்று நகைச்சுவை, மற்றொன்று பஞ்சத்தின் அவலம். வினோத்ராஜ் இரண்டையும் தவிர்க்கிறார். ஒரு குடும்பம் உணவு தேடுகிறது, கிடைத்ததைப் பகிர்கிறது. கேமரா முகம் சுளிப்பதும் இல்லை, கண்ணீர் விடுவதும் இல்லை.

2021 பிப்ரவரியில், பெருந்தொற்றுக் காலத்தில் இணையவழியாக நடைபெற்ற ரோட்டர்டாம் பன்னாட்டுத் திரைப்பட விழாவின் ஐம்பதாம் பதிப்பில் 'கூழாங்கல்' டைகர் விருதை வென்றது. அவ்விருதைப் பெற்ற முதல் தமிழ்ப் படம் அது. அதே ஆண்டு, ஆஸ்கர் விருதின் பன்னாட்டுத் திரைப்படப் பிரிவுக்கு இந்தியாவின் அதிகாரபூர்வப் படமாகவும் அனுப்பப்பட்டது. இறுதிச் சுற்றுக்கான பட்டியலில் இடம்பெறவில்லை.

இங்கே ஒரு கணக்கைக் கவனிக்க வேண்டும். விருது கிடைத்தது 2021 பிப்ரவரி. தமிழ்நாட்டுப் பார்வையாளருக்கு அந்தப் படம் சோனிலிவ் தளத்தின் வழியாகக் கிடைத்தது 2023 அக்டோபர். இரண்டரை ஆண்டுகளுக்கும் மேல். எந்த ஊரின் தண்ணீர்ப் பஞ்சத்தைப் படம் காட்டியதோ, அந்த ஊர் மக்களுக்கு முன்பே ரோட்டர்டாம் பார்வையாளர்கள் அதைப் பார்த்துவிட்டார்கள். 'சுயாதீன சினிமா' என்ற சொல்லை நாம் பெருமையாகப் பயன்படுத்துகிறோம். தயாரிப்பில் சுயாதீனமாக இருக்கும் படம், வெளியீட்டில் யாரையாவது சார்ந்தே ஆக வேண்டியிருக்கிறது. 'கூழாங்கல்'லுக்கு விக்னேஷ் சிவன், நயன்தாரா இருவரின் ரவுடி பிக்சர்ஸ் கைகொடுத்தது. 'கொட்டுக்காளி'யைச் சிவகார்த்திகேயன் தயாரித்தார். அவர்களைக் குறை சொல்வதற்காக இதைக் குறிப்பிடவில்லை. நட்சத்திரத்தின் பெயர் முன்னால் நின்றால்தான் ஒரு சுயாதீனப் படத்துக்கு வாசல் திறக்கும் என்பது இத்துறையின் அமைப்பு.

அமெரிக்காவில் இதற்கோர் இணை உண்டு. மிசிசிப்பி மாநிலத்தின் விக்ஸ்பர்க்கில் பிறந்து லாஸ் ஏஞ்சலிஸில் வளர்ந்த கறுப்பின இயக்குநர் சார்ல்ஸ் பர்னட், 'கில்லர் ஆஃப் ஷீப்' படத்தை 1970-களில் தம் பல்கலைக்கழக ஆய்வுப் படமாக, பத்தாயிரம் டாலருக்கும் குறைவான செலவில், வார இறுதி நாட்களில் எடுத்தார். இறைச்சிக்கூடத் தொழிலாளி ஒருவனின் அன்றாடம்தான் கதை. 1990-இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் அப்படம் சேர்க்கப்பட்டது. ஆயினும் படத்தில் ஒலிக்கும் பாடல்களுக்கு உரிமம் வாங்கப் பணமில்லாததால், திரையரங்குகளில் முறையாக வெளியானது 2007-இல்தான். அரசு பொக்கிஷமென அறிவித்த படத்தைப் பொதுமக்கள் பார்க்கப் பதினேழு ஆண்டுகள் காத்திருந்தார்கள்.

நம் மதுரையிலேயே வேறொரு மரபும் இருக்கிறது. ஆர்.பி. அமுதன் 2003-இல் எடுத்த 'பீ' என்ற ஆவணப்படம், மதுரையில் ஒரு தெருவைத் துப்புரவு செய்யும் மாரியம்மாள் என்ற தொழிலாளியின் ஒரு நாள் வேலையைப் பின்தொடர்ந்தது. 2017-இல் திவ்யபாரதியின் 'கக்கூஸ்', மலக்குழி மரணங்களின் சாதி வேரைப் பெயர் சொல்லிக் காட்டியது. அதற்கு அரங்குகள் மறுக்கப்பட்டன, வழக்குகளும் மிரட்டல்களும் தொடர்ந்தன. படம் யூடியூபில் வெளியிடப்பட்டு, கைப்பேசி வழியாகத் தன் பார்வையாளர்களைத் தேடிக்கொண்டது. ரோட்டர்டாம் செல்லும் பாதையும் கைப்பேசிக்குச் செல்லும் பாதையும் ஒரே மாவட்டத்திலிருந்து கிளம்புகின்றன. முதல் பாதையில் விருது காத்திருந்தது, இரண்டாவதில் காவல்துறை. சாதியைப் பெயர் சொல்லி அழைத்த படத்துக்குத்தான் இரண்டாவது வாய்த்தது என்பதை நாம் மறக்கக் கூடாது.

இனி 'கொட்டுக்காளி'. 2024 பிப்ரவரியில் பெர்லின் திரைப்பட விழாவின் ஃபோரம் பிரிவில் திரையிடப்பட்டு, அதே ஆண்டு ஆகஸ்ட் 23 அன்று திரையரங்குகளில் வெளியானது. தலைப்பின் பொருள் பிடிவாதக்காரி. மீனா (அன்னா பென்) ஒடுக்கப்பட்ட சாதியைச் சேர்ந்த ஒருவனைக் காதலிக்கிறாள். அவளை மணக்க உரிமை பெற்றவனாகக் கருதப்படும் பாண்டியும் (சூரி) இரு வீட்டாரும், அவளுக்கு யாரோ ஏதோ வைத்துவிட்டார்கள், பேய் பிடித்திருக்கிறது என்று முடிவுகட்டி, ஆட்டோவிலும் இருசக்கர வாகனங்களிலும் ஒரு சாமியாடியிடம் அழைத்துச் செல்கிறார்கள். பலியிடுவதற்குக் காலைக் கட்டிய சேவலொன்றும் உடன் வருகிறது. பின்னணி இசை அறவே இல்லை. மீனா ஏறத்தாழ முழுப் படத்திலும் மௌனமாகவே இருக்கிறாள்.

இந்தப் படத்தை விளங்கிக்கொள்ள அண்ணல் அம்பேத்கரின் 1916-ஆம் ஆண்டுக் கட்டுரையைத் தவிர வேறு திறவுகோல் தேவையில்லை. கொலம்பியா பல்கலைக்கழகத்தில், தம் இருபத்தைந்தாம் வயதில், 'இந்தியாவில் சாதிகள்' என்ற ஆய்வுரையை அவர் வாசித்தார். சாதியின் சாரம் அகமணம் என்பது அதன் மையக் கருத்து. ஒரு கூட்டம் தன்னைச் சுற்றிச் சுவர் எழுப்பிக்கொள்ள வேண்டுமானால், தன் பெண்கள் யாரை மணக்கிறார்கள் என்பதைக் கட்டுப்படுத்தியாக வேண்டும். தீண்டாமையை ஊரின் நடுவே காணலாம். அதைப் பிறப்பிக்கும் இயந்திரமோ வீட்டுக்குள் இருக்கிறது. மாமன் மகனுக்கு 'முறை' என்று சொல்லும் பாசமான வார்த்தை, அந்த இயந்திரத்தின் ஓர் உதிரிபாகம்.

வினோத்ராஜ் காட்டுவது அந்த இயந்திரம் ஓடும் ஒரு நாளை. அதற்குள் இருப்பவர்கள் கொடூரர்களாகத் தோற்றமளிப்பதில்லை. வழியில் நின்று சாராயம் குடிக்கிறார்கள், கதை பேசுகிறார்கள், பெண்களின் மாதவிடாய்த் தேவைக்காக வண்டியை நிறுத்துகிறார்கள், சாலையை மறித்து நிற்கும் காளையைக் கண்டு அஞ்சுகிறார்கள். அந்தக் காளையை ஒரு சிறுமி வந்து மிக இயல்பாக ஓட்டிச்செல்கிறாள். வேறோர் இடத்தில் மஞ்சள் நீராட்டு விழா ஊர்வலத்தின் ஒலிபெருக்கிப் பாட்டை மீனா மெல்ல முணுமுணுக்கிறாள். அவ்வளவுதான். பாண்டியின் வெறி வெடிக்கிறது. அவளை அடிக்கிறான். தடுக்க வந்த தன் வீட்டுப் பெண்களையும் விட்டுவைக்கவில்லை. அந்த உதடசைவில் அவனுக்குக் கேட்டது பாட்டல்ல, தன் அனுமதியின்றி அவளுக்குள் ஓர் இன்பம் இருக்கிறது என்ற செய்தி.

எனவே மாணவியின் கேள்விக்கு முதல் விடை இது. காதலன் காட்டப்படாததற்குக் காரணம், அந்தக் குடும்பத்துக்கு அவன் ஒரு மனிதனாகவே இல்லை என்பதுதான். அவனுக்கு முகமிருந்தால் 'மருந்து வைத்துவிட்டான்' என்ற கதை நிற்காது. ஒரு பெண் தன் அறிவோடு ஒருவனைத் தேர்ந்தெடுத்தாள் என்பதை ஏற்க மறுப்பவர்களுக்குப் பேய் வேண்டும். தலித் இளைஞனைப் பேயாக்குவது இங்கே உவமையல்ல, படத்தின் கதையே அதுதான். 'கூழாங்கல்'லிலும் இதே உத்தி இருந்தது: பயணத்துக்குக் காரணமான தாய் கண்ணில் படாமலேயே படம் நகர்கிறது. யாரால் இந்த ஓட்டமோ அவரைச் சட்டகத்துக்கு வெளியே நிறுத்தி, ஓடுபவர்களை மட்டும் பார்க்கச் செய்வது வினோத்ராஜின் முறை.

ஆனால் இந்த விடையோடு நின்றுவிட எனக்கு மனமில்லை. அரிட்டாபட்டியிலிருந்து வெகு தொலைவில் இல்லாத ஊர் மேலவளவு. அவ்வூராட்சியின் தலைவர் பதவி 1996-இல் பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கப்பட்டதைப் பொறுக்காத ஆதிக்கச் சாதியினர், 1997 ஜூன் 30 அன்று பேருந்தை மறித்து, ஊராட்சித் தலைவர் முருகேசனையும் உடன் வந்தவர்களையும் வெட்டிக் கொன்றார்கள். ஆயுள் தண்டனை பெற்றவர்களில் பதின்மூவர் 2019 நவம்பரில் முன்கூட்டியே விடுவிக்கப்பட்டார்கள். மேலூரின் சாலைகளுக்கு இந்த நினைவு உண்டு. அந்தச் சாலைகளில் இரு படங்களை எடுத்த ஒருவரின் சட்டகத்தில் தலித்துகள் எங்கே நிற்கிறார்கள் என்று கேட்பது நியாயமான கேள்வியே. அதை இயக்குநரின் பிறப்பை விசாரிக்கும் கேள்வியாக மாற்றிவிடாமல் கேட்க வேண்டும்.

தற்செயலாக, 'கொட்டுக்காளி' வெளியான அதே நாளில்தான் மாரி செல்வராஜின் 'வாழை'யும் வெளியானது. திருநெல்வேலிச் சீமையின் புளியங்குளத்திலிருந்து வந்த மாரி, தாம் சிறுவனாக வாழைத்தார் சுமந்த நாட்களையும், தம் மக்களைப் பலிகொண்ட லாரி விபத்தையும் படமாக்கினார். அங்கே கேமரா சுமப்பவனின் கழுத்தில் அமர்ந்திருக்கிறது, வலி உள்ளிருந்து பேசுகிறது. 'கொட்டுக்காளி'யில் கேமரா வலியைத் தருபவர்களின் வண்டிக்குப் பின்னால் ஓடுகிறது. இரண்டும் வேண்டும் என்பது என் கருத்து. சாதி தலித்துகளின் பிரச்சினை மட்டுமே என்பதுபோலத் துயரக் காட்சிகளாகக் கேட்டுக்கொண்டிருக்கும் பார்வையாளரிடம், சாதி உங்கள் வீட்டு ஆட்டோவில் பயணம் செய்கிறது என்று காட்டுவதற்கு ஒரு படமேனும் வேண்டியிருந்தது. 'வாழை' பரவலாக ஓடியது. 'கொட்டுக்காளி'யைத் திரையரங்குக்கே கொண்டுவந்திருக்கக் கூடாது, விழாக்களோடு நிறுத்தியிருக்க வேண்டும் என்ற குரல் திரைத்துறைக்குள்ளிருந்தே எழுந்தது. அந்த அறிவுரையை என்னால் ஏற்க முடியவில்லை. பெர்லினில் இருப்பவர்களுக்கு மீனாவைக் காட்டுவதால் மேலூரிலோ திருத்தணியிலோ என்ன மாறிவிடும்?

இறுதிக் காட்சி குறித்து எனக்கு முரண்பாடு உண்டு. சாமியாடி மற்றொரு பெண்ணின் உடலைத் தொட்டுப் 'பேயோட்டும்' விதத்தைப் பாண்டி பார்க்கிறான். மீனாவுக்கும் இதுதான் நேரப்போகிறது என்று உணர்கிறான், தயங்கி வெளியே வருகிறான். முடிவு நம்மிடம் விடப்படுகிறது. நுட்பமான காட்சிதான். ஆனால் அவனைத் தயங்கவைப்பது எது? மீனாவின் விருப்பமா, அல்லது தனக்கு 'உரிய' பெண்ணின் மீது பிற ஆணின் கை படுகிறதே என்ற எண்ணமா? இரண்டாவதுதான் என்றால், சாதியைக் காக்கப் புறப்பட்ட அதே உடைமை உணர்வுதான் சாமியாடியிடமிருந்தும் அவளைக் காக்கிறது. அப்படிக் காக்கப்படுவதில் அவளுக்கு என்ன விடுதலை? படம் இதை அறிந்தே செய்கிறதா என்பதில் எனக்கு உறுதியில்லை. திருத்தணியில் அன்று மாணவர்கள் இரு அணிகளாகப் பிரிந்தார்கள். பையன்களில் பெரும்பாலோர் பாண்டி மனம் மாறிவிட்டான் என்றார்கள். பெண்களில் ஒருவர்கூட அதை நம்பவில்லை.

மராத்தியில் நாகராஜ் மஞ்சுளே இதே சிக்கலை வேறு விதமாக முடித்தார். சோலாப்பூர் மாவட்டத்தின் ஜேவூரில், ஒடுக்கப்பட்ட வடார் சமூகத்தில் பிறந்த அவர் 2013-இல் எடுத்த 'ஃபன்றி'யில், பன்றி பிடிக்கும்படி ஊர் முன்னிலையில் இழிவுபடுத்தப்படும் சிறுவன் ஜப்யா, இறுதியில் ஒரு கல்லை நேராகக் கேமராவை நோக்கி எறிகிறான். வேலு தன் கல்லை வாயில் அடக்கி மாடத்தில் சேர்க்கிறான், ஜப்யா வீசுகிறான். ஒன்று மற்றதைவிடச் சிறந்தது என்று நான் சொல்லப்போவதில்லை. ஆனால் வீசப்பட்ட கல்லில் யாருடைய கோபம் என்பதில் ஐயத்துக்கு இடமேயில்லை.

இவையெல்லாம் திரைப்பட விவாதமாக மட்டும் இருந்திருக்கலாம். 2016 மார்ச்சில் உடுமலையில் பட்டப்பகலில் சங்கர் வெட்டப்பட்டதை நாடே கேமராப் பதிவில் பார்த்தது. 2018 மார்ச் 27 அன்று சக்தி வாகினி வழக்கில் உச்ச நீதிமன்றம், வயது வந்த இருவரின் மணத்தில் தலையிடக் குடும்பத்துக்கோ சாதிப் பஞ்சாயத்துக்கோ உரிமையில்லை என்று தீர்ப்பளித்து, தடுப்பு நடவடிக்கைகளையும் வரையறுத்தது. 2025 ஜூலை 27 அன்று பாளையங்கோட்டையில் மென்பொருள் பொறியாளரான கவின் கொல்லப்பட்டார். அவ்வாண்டு அக்டோபரில், ஆணவக் கொலைகளைத் தடுக்கத் தனிச் சட்டம் இயற்றப் பரிந்துரை அளிப்பதற்காக, ஓய்வுபெற்ற நீதிபதி கே.என். பாஷா தலைமையில் ஆணையம் அமைக்கப்படும் எனத் தமிழ்நாடு அரசு அறிவித்தது. தனிச் சட்டம் கோரும் இயக்கங்கள் நெடுங்காலமாகச் சொல்லிவரும் ஒன்று உண்டு: கொலைக்குப் பிந்தைய தண்டனையைப் போலவே, கொலைக்கு முந்தைய நாட்களும் சட்டத்தின் கண்ணில் பட வேண்டும். வீட்டுக்காவல், கைப்பேசிப் பறிப்பு, கல்லூரியை நிறுத்துதல், கோயிலுக்கும் சாமியாடிக்கும் இழுத்துச் செல்லுதல் ஆகியவை அந்த நாட்களின் நிகழ்வுகள். செய்தியாக ஒருபோதும் வராத அந்த நாட்களில் ஒன்றைத்தான் 'கொட்டுக்காளி' நூறு நிமிடம் அளவில் நமக்கு முன் வைக்கிறது.

கூட்டம் முடிந்தபோது இரவாகிவிட்டது. அரக்கோணம் பக்கம் செல்லும் மின்சார ரயிலுக்குச் சிலர் விரைந்தார்கள். கேள்வி கேட்ட மாணவி மட்டும் செருப்பை மாட்டிக்கொண்டே, அடுத்த மாதம் 'ஃபன்றி'யைத் தமிழ்த் துணைவசனத்தோடு திரையிட முடியுமா என்று விசாரித்தார். துணைவசனம் கிடைக்காவிட்டால் நாமே எழுதிவிடலாம் என்றார் அவருடன் வந்தவர். மராத்தி தெரிந்தவர் யாரேனும் உண்டா என்று இப்போது தேடிக்கொண்டிருக்கிறோம்.